சுவானெத்தியை ஆற்றிலிருந்து படியுங்கள்: புதிதாகப் போகிறவர்களுக்கு ஒரு வழிகாட்டி

ஜார்ஜியாவில் மருத்துவம் படிக்கும் தமிழ் மாணவர்கள் விடுமுறையில் எந்த மலைக்குப் போகலாம் என்று பேச ஆரம்பித்தால், சுவானெத்தி என்ற பெயர் எப்படியும் வந்துவிடும். பச்சை மலைச்சரிவில் சதுரமான கல் கோபுரங்கள், பின்னால் வெள்ளைச் சிகரம் என்று ஒரு படத்தைப் பார்த்திருப்பார்கள். நானும் அந்தப் படத்தை நம்பித்தான் முதல்முறை போனேன். மூன்று நாள் கோபுரங்களையே பார்த்துவிட்டுத் திரும்பினேன். பார்த்தது அழகாக இருந்தது, ஆனால் ஒன்றோடொன்று ஒட்டவில்லை. இவ்வளவு உயரத்தில் யார் வந்து குடியேறினார்கள், ஏன் இவ்வளவு கோபுரம், கீழே இருந்த பேரரசுகள் இவர்களை ஏன் விட்டுவைத்தன என்று எதுவும் புரியவில்லை.

இரண்டாம் முறை போவதற்கு முன் வரைபடத்தை விரித்து, ஆறுகளைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்தேன். அப்போதுதான் எல்லாம் கோவையாக வந்தது. சுவானெத்தியின் பழைய வரலாறு முழுக்க அந்த ஊரின் நிலம் எழுதிய வரலாறு. அதனால் கோபுரத்தில் ஆரம்பிக்காதீர்கள். ஆறு, மலைத்தொடர், கல், மொழி, பிறகு ஏடுகள், அதற்கும் பிறகு கோபுரம் என்ற வரிசையில் போனால் மூன்று நாள் பயணமே நிறையக் கற்றுக்கொடுக்கும்.

படி 1: ஒரு தாளில் மூன்று கோடு போடுங்கள்

சுவானெத்தி ஜார்ஜியாவின் வடமேற்கு மூலையில், பெருங்காக்கசஸ் மலையின் தெற்குச் சரிவில் இருக்கிறது. ஒரு வெள்ளைத் தாளை எடுத்துக்கொள்ளுங்கள். மேலே இடமிருந்து வலமாக ஒரு கனமான கோடு போடுங்கள். அது காக்கசஸின் முதன்மைத் தொடர், அதற்கு அப்பால் ரஷ்யா. ஐரோப்பாவின் மிக உயரமான சிகரம் என்று பலரும் சொல்லும் எல்பிரஸ் அந்தக் கோட்டுக்கு வடக்கே இருக்கிறது. அந்தக் கோட்டை ஒட்டியே மூன்று சிகரங்களைக் குறியுங்கள். கிழக்குக் கோடியில் ஷ்காரா, 5,193 மீட்டர், ஜார்ஜியாவிலேயே உயரமானது. கொஞ்சம் மேற்கே தெத்னுல்தி, 4,858 மீட்டர், வெள்ளைப் பட்டுத்துணியை நடுவில் பிடித்துத் தூக்கியது போன்ற வடிவம். இன்னும் மேற்கே இரட்டைக் கொம்போடு உஷ்பா, 4,710 மீட்டர். உயரத்தில் இது மூன்றாவதுதான். ஆனால் மலையேறிகள் மிகவும் அஞ்சுவது இதற்குத்தான். இதன் வடக்குக் கொம்பில் 1888இல் முதன்முதலாக மனிதன் கால் வைத்தான். தெற்குக் கொம்பு 1903 வரை யாருக்கும் வசப்படவில்லை.

இப்போது கீழே, முதல் கோட்டுக்கு ஏறக்குறைய இணையாக, இரண்டாவது கோடு. இது சுவானெத்தித் தொடர். இதில் உயரமானது 4,008 மீட்டர் லைலா. அதற்கும் தெற்கே மூன்றாவது கோடு, எக்ரிசித் தொடர். அதைத் தாண்டினால் கருங்கடலை ஒட்டிய கோல்கேத்திச் சமவெளி.

முதல் கோட்டுக்கும் இரண்டாவது கோட்டுக்கும் நடுவே எங்குரி ஆறு கிழக்கிலிருந்து மேற்காக ஓடுகிறது. அந்தப் பள்ளத்தாக்குதான் மேல் சுவானெத்தி. இரண்டாவது கோட்டுக்குத் தெற்கே ஓடும் ஆற்றின் பெயர் த்ஸ்கேனிஸ்த்ஸ்காலி. வாயில் நுழையாத பெயர்தான், ஆனால் பொருள் எளிது: குதிரைத் தண்ணீர், குதிரையாறு. கிரேக்கர்களும் அதைக் குதிரை என்றே, ஹிப்போஸ் என்று அழைத்தார்கள். அதன் தலைப்பகுதி கீழ் சுவானெத்தி. இங்கே மேல், கீழ் என்று சொல்வதைப் பிடித்துக்கொள்ளுங்கள். ஒரே பள்ளத்தாக்கின் மேல்பாதி, கீழ்பாதி என்று நினைத்துவிடுவது எல்லாரும் செய்கிற தவறு. இவை ஒரு மலைத்தொடரின் இரு பக்கமும் உள்ள வேறு வேறு பள்ளத்தாக்குகள்.

இன்றைய நிர்வாகமும் அந்தக் கோட்டில்தான் பிரிகிறது. மேல் சுவானெத்தி என்பது மெஸ்தியா நகராட்சிப் பகுதி, சுக்தீதியைத் தலைநகராகக் கொண்ட மண்டலத்தில் சேர்ந்தது. கீழ் சுவானெத்தி என்பது லெந்தேகி நகராட்சிப் பகுதி, அம்ப்ரொலாவுரியைத் தலைநகராகக் கொண்ட வேறொரு மண்டலத்தில் இருக்கிறது. மெஸ்தியாப் பகுதியின் பரப்பு சுமார் 3,000 சதுர கிலோமீட்டர். 2014 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் அங்கே இருந்தவர்கள் 9,300 பேர்தான். இந்த எண்ணைக் குறித்து வையுங்கள், பிறகு வேறோர் எண்ணோடு ஒப்பிட வேண்டியிருக்கும்.

படி 2: ஆற்றோடு சேர்ந்து ஏறுங்கள்

தலைநகர் திபிலீசியிலிருந்து மெஸ்தியாவுக்கு விமானத்திலும் போகலாம். 2010 கடைசியில் அங்கே ஒரு சின்ன விமான நிலையம் திறந்தார்கள், முன்பு ஜார்ஜியாவை ஆண்ட அரசி தாமாரின் பெயரில். ஆனால் முதல்முறை போகிறவர்கள் தயவுசெய்து சாலை வழியாகப் போங்கள். ரயிலில் சுக்தீதி வரை வந்து, அங்கிருந்து மர்ஷ்ருத்கா எனப்படும் சிற்றுந்தில் ஏறினால், எங்குரியை அது போகும் திசைக்கு எதிராகப் பார்த்துக்கொண்டே போகலாம். ஏறக்குறைய 140 கிலோமீட்டர். சன்னலோரம் இடம் கிடைத்தால் விட்டுவிடாதீர்கள், தூங்கியும் விடாதீர்கள்.

சமவெளி முடிந்து மலை தொடங்கும் இடத்தில் ஜ்வாரி. அங்கே எங்குரி அணை, 271.5 மீட்டர் உயரம். உலகின் மிக உயரமான வளைவு அணைகளில் ஒன்று. அவ்வளவு உயரமான ஒரு சுவரை அங்கே எழுப்ப முடிந்தது என்றால் மலை எவ்வளவு இறுக்கமாக மூடுகிறது என்று யோசித்துப் பாருங்கள். அதுதான் சுவானெத்தியின் வாசல். அதற்குப் பிறகு பல கிலோமீட்டருக்குச் சாலையும் ஆறும் ஒரே இடுக்கில் நெருக்கிக்கொண்டு போகும். வண்டிச்சாலை மெஸ்தியாவை எட்டியதே 1930களில்தான். அதற்கு முன்னால் உள்ளே வரும் படை, வரி வசூலிக்க வரும் அதிகாரி, உப்பு விற்க வரும் வியாபாரி எல்லாரும் இந்த இடுக்கிலோ, பனி மூடும் கணவாய்களிலோதான் வர வேண்டும். வாசல் குறுகலாக இருந்தால் வீட்டுக்காரருக்கு வருகிறவரைப் பார்த்துக்கொள்வது எளிது. சுவானெத்தியின் சுதந்திரத்துக்கு முதல் காரணம் இதுதான் என்பது என் எண்ணம்.

(ஒரு எச்சரிக்கையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். சமவெளியில் எங்குரி ஆற்றின் பெரும்பகுதி ஜார்ஜியாவுக்கும் அதிலிருந்து பிரிந்து நிற்கும் அப்காசியாவுக்கும் நடுவிலான பிரிவுக்கோடாக இருக்கிறது. அங்கே கரையோரம் சுற்றிப் பார்க்கப் போக வேண்டாம். மேலே ரஷ்ய எல்லையை ஒட்டிய பள்ளத்தாக்குகளுக்கு நடந்து போகிறவர்கள் பாஸ்போர்ட்டைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள்.)

கைஷி என்ற ஊருக்கு மேலே பள்ளத்தாக்கு கிழக்கே திரும்பி மெல்ல விரியும். லாகாமுலா, பாரி, எத்செரி, பெச்சோ என்று ஊர்த்தொகுதிகள் வரும். பெச்சோவில் மேகம் இல்லையென்றால் இடப்பக்கம் உஷ்பா முழுசாகத் தெரியும். பெச்சோ வரை உள்ளது கீழ்ப் பால், அதற்கு மேலே லத்தாலியிலிருந்து உஷ்குலி வரை மேல்ப் பால். பால் என்பது நடுவில் குறுக்கே நிற்கும் மலைமுதுகின் பெயர். இரண்டு பக்கத்துப் பேச்சும் வேறு வேறு கிளைமொழி. ஒரு மலைமுதுகு குறுக்கே வந்தால் மொழியும் மாறிவிடும் நிலம் இது.

அடுத்து எல்லாரும் தடுமாறும் இடம்: மெஸ்தியா எங்குரிக் கரையில் இல்லை. லத்தாலிக்குப் பக்கத்தில் முல்குரா என்ற துணையாறு எங்குரியில் சேர்கிறது. சாலை எங்குரியை விட்டுவிட்டு முல்குராவோடு போய், அதில் மெஸ்தியாசாலா கலக்கும் இடத்தில் உள்ள மெஸ்தியாவை அடைகிறது. கடல்மட்டத்திலிருந்து சுமார் 1,500 மீட்டர். அங்கிருந்து உஷ்குலிக்குச் சுமார் 45 கிலோமீட்டர். நடுவில் உகீர் கணவாயை ஏறி இறங்கினால்தான் மறுபடி எங்குரியைப் பார்ப்பீர்கள். அது இப்ராரி, காலா ஊர்களைத் தொட்டுக்கொண்டு, 2,100 மீட்டர் உயரத்தில் இருக்கும் உஷ்குலிக்கு அழைத்துப் போகும். உஷ்குலி ஒரே ஊர் இல்லை. முர்க்மேலி, சாஜாஷி, ச்விபியானி, ஜிபியானி என்று நாலு சிற்றூர்கள் சேர்ந்தது.

படி 3: காலடிக் கல்லைக் கவனியுங்கள்

இதில் அதிகம் சொல்ல வேண்டியதில்லை, ஆனால் தெரிந்துகொண்டால் பிறகு பயன்படும். அரேபியத் தட்டு வடக்கே நகர்ந்து யூரேசியாவை முட்டித் தள்ளியதில் எழுந்த மலை காக்கசஸ். முதன்மைத் தொடரின் முகட்டில் கருங்கல் வகைப் பழம்பாறைகள். பள்ளத்தாக்கில் பெரும்பாலும் ஏடு ஏடாகப் பிரியும் கறுத்த பலகைக்கல். கடினமான பாறையால் மேலே கூர்மையான சிகரங்கள் நிற்கின்றன. கீழே பலகைக்கல் எளிதாக உடைவதால் மண்சரிவும் உண்டு, கட்டடம் கட்டக் கல்லும் உண்டு. உஷ்குலியில் கூரையும் சுவரும் கோபுரமும் ஒரே கறுப்பு நிறத்தில் இருப்பதற்கு இந்தக் கல்தான் காரணம். மேலே உள்ள பழம்பாறைகளை ஆறுகள் அரித்துக் கொண்டுவரும்போது அவற்றோடு கொஞ்சம் தங்கமும் வருகிறது.

படி 4: மொழியைக் காதில் வாங்குங்கள்

கெஸ்ட் ஹவுஸில் வீட்டுக்காரர்கள் உங்களிடம் ஜார்ஜிய மொழியில் பேசுவார்கள். தங்களுக்குள் பேசும்போது காதைக் கொடுத்தால் அது வேறாக இருக்கும். அது சுவான் மொழி. தங்கள் மொழியை அவர்கள் லுஷ்னு நின் என்கிறார்கள். நின் என்றால் நாக்கு.

ஜார்ஜியன், மெக்ரேலியன், லாஸ், சுவான் நான்கும் கார்த்வெலியன் குடும்பம். இந்தக் குடும்பத்துக்கும் உலகின் வேறெந்த மொழிக் குடும்பத்துக்கும் உறவு நிறுவப்படவில்லை. நான்கில் முதலில் தனிக்குடித்தனம் போனது சுவான். கிறிஸ்துவுக்கு முன் இரண்டாயிரமாவது ஆண்டுகளிலேயே அது பிரிந்துவிட்டது என்பது மொழியியலாளர் பலரின் கணிப்பு. அதாவது ஜார்ஜியனுக்கும் சுவானுக்கும் உள்ள தூரம் ஒரு வட்டார வழக்கின் தூரம் இல்லை. ஒருவர் பேசுவது மற்றவருக்குப் புரியாது. சுவானுக்குத் தனி எழுத்து மரபு இல்லை, பள்ளியும் கோயிலும் ஜார்ஜிய மொழியில்தான். பிள்ளைகள் மெல்ல மெல்ல ஜார்ஜியனுக்கு மாறுகிறார்கள். யுனெஸ்கோ இதை அழியும் ஆபத்திலுள்ள மொழிகளில் வைத்திருக்கிறது. அதனால் ஒரு சொல்லாவது கற்றுக்கொண்டு போங்கள்: கோச்சா லாதெக். நல்ல நாள் என்று பொருள். இதை ஒரு வயதான அம்மாவிடம் சொன்னால் அவர் முகம் மாறுவதைப் பார்ப்பீர்கள்.

குடும்பப் பெயர்களும் துப்புக் கொடுக்கும். கெர்கியானி, மார்கியானி என்று ஆனியில் முடியும் பெயரைக் கேட்டால், அவர் திபிலீசியில் பிறந்திருந்தாலும் வேர் சுவானெத்தி என்று பெரும்பாலும் சொல்லிவிடலாம்.

படி 5: ஸ்ட்ராபோவைப் படியுங்கள், எண்களை மட்டும் அப்படியே நம்பாதீர்கள்

இனி ஏடுகள். சுவான்களைப் பற்றி விரிவாக எழுதிய முதல் வெளியார் கிரேக்கப் புவியியலாளர் ஸ்ட்ராபோ. காலம் ஏறக்குறைய இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன். அவர் சொந்த ஊர் கருங்கடலின் தென்பக்கத்து அமாசியா. அவர் தாயாரின் சித்தப்பா முறை உறவினர் ஒருவர், சுவானெத்திக்குக் கீழே கருங்கடல் சமவெளியில் இருந்த கோல்கிஸ் நாட்டுக்கு ஆளுநராக இருந்தவர். எங்கோ ரோமில் உட்கார்ந்து கேள்விப்பட்டதை மட்டும் எழுதியவர் இல்லை என்பதற்காகச் சொல்கிறேன்.

அவர் இவர்களைச் சோவானெஸ் என்கிறார். இன்றைய சுகுமி இருக்கும் இடத்தில் அப்போது தியோஸ்கூரியாஸ் என்ற கிரேக்கத் துறைமுகம். அதற்கு மேலே உள்ள காக்கசஸ் உச்சிகள் இவர்கள் கையில் இருந்தன, சுற்றியுள்ள எல்லாரையும் அடக்கி வைத்திருந்தார்கள் என்று எழுதுகிறார். ஓர் அரசன், அவனோடு 300 பேர் கொண்ட ஓர் அவை. போர் என்றால் இரண்டு லட்சம் பேர் திரளுவார்கள் என்று சொல்கிறார்கள், ஏனென்றால் முறையான படையாக இல்லாவிட்டாலும் மக்கள் எல்லாருமே சண்டைக்காரர்கள். அம்பு முனைக்கு அவர்கள் தடவும் விஷத்தின் நெடியே ஆளை வருத்தும். குளிப்பதில்லை, அழுக்கானவர்கள் என்றும் ஒரு குறை.

இரண்டு லட்சம் என்பதை 2014இன் 9,300 பக்கத்தில் வைத்துப் பாருங்கள். அந்த இடுக்கிலும் சரிவிலும் பார்லியும் தினையும் விளைத்து இரண்டு லட்சம் போர்வீரரையும் அவர்கள் குடும்பங்களையும் காப்பாற்றியிருக்க முடியாது. சுவான்களின் ஆளுகை அப்போது இன்னும் விரிவாக இருந்திருக்கலாம், அப்படியும் இது கேள்விப்பட்ட எண்தான். அவரே ‘சொல்கிறார்கள்’ என்றுதான் எழுதுகிறார். ஆனால் 300 பேர் அவை என்ற செய்தியை நான் லேசாக விடமாட்டேன். பின்னாட்களில் மேல் சுவானெத்தியின் ஒரு பெரும்பகுதி பிரபு யாரும் இல்லாமல் ஊர்க்கூட்டங்களாலேயே நடந்தது, சுதந்திர சுவானெத்தி என்றே அதற்குப் பெயர். கூடி முடிவெடுக்கும் பழக்கம் அங்கே மிகப் பழையது என்று நினைக்க இடம் இருக்கிறது.

அடுத்து தங்கம். மலையாறுகள் தங்கம் அடித்து வருகின்றன, மக்கள் துளையிட்ட தொட்டிகளையும் மயிரடர்ந்த ஆட்டுத்தோலையும் கொண்டு அதைப் பிடிக்கிறார்கள், தங்கக் கம்பளிக் கதை பிறந்தது இதிலிருந்துதான் என்கிறார்கள் என்று அவர் எழுதிய வரிதான் சுவானெத்தியை உலகறியச் செய்தது. கிரேக்கப் புராணத்தில் ஜேசன் கப்பலேறிக் கோல்கிஸுக்குத் தேடிவந்த அந்தத் தங்கக் கம்பளி. ஆற்றில் ஆட்டுத்தோலைப் பரப்பினால் கனமான தங்கப்பொடி மயிரில் சிக்கும், மணல் அடித்துக்கொண்டு போய்விடும். பிறகு தோலைக் காயவைத்துத் தட்டினால் பொடி உதிரும். செய்முறை எளிது, நம்பக்கூடியது. 2014இல் ஜார்ஜியப் புவியியலாளர்கள் சுவானெத்தியின் ஆறுகளையும் பாறைகளையும் ஆராய்ந்து இந்த விளக்கத்துக்கு ஆதரவாக எழுதினார்கள். ஒன்றை மட்டும் நினைவில் வையுங்கள்: கோல்கிஸ் என்பது முதன்மையாகக் கீழே உள்ள சமவெளி நாடு. மலையில் தங்கம், சமவெளியில் அரண்மனை, கரையில் கிரேக்கக் கப்பல் என்று மூன்றையும் ஆறு இணைத்தது.

மலையில் இல்லாதது உப்பு. தியோஸ்கூரியாஸ் சந்தைக்கு மலைக்கூட்டங்கள் இறங்கி வந்ததே பெரும்பாலும் உப்புக்காகத்தான் என்று ஸ்ட்ராபோ எழுதுகிறார். இன்றைக்கும் மெஸ்தியாக் கடைகளில் சுவான் உப்பு என்று ஒரு பொடி விற்கும். உப்போடு பூண்டு, மல்லி, காட்டுச் சீரகம், மிளகாய், நீல வெந்தயம் சேர்த்து இடித்தது. உப்பு அரிதாக இருந்த காலத்தில் கொஞ்சம் உப்பை நிறைய ருசியாக நீட்டிக்கத்தான் இந்தக் கலவை வந்தது என்று ஊரில் சொல்வார்கள். நீல வெந்தயம் நம் வெந்தயத்துக்கு உறவுச்செடி. மோந்து பார்த்தவுடன் வீட்டு ஊறுகாய் ஜாடி நினைவுக்கு வரும். ஒரு பொட்டலம் வாங்கி வந்தால் தயிர்சாதத்துக்குக்கூடப் பொருந்தும்.

படி 6: இரண்டு பேரரசு நடுவே ஒரு பள்ளத்தாக்கு

ஆறாம் நூற்றாண்டுக்கு வாருங்கள். சமவெளியில் கோல்கிஸ் இருந்த இடத்தில் லாசிக்கா அரசு. சுவான்கள் அதற்குக் கட்டுப்பட்டவர்கள், சில காலம் விலகியும் நின்றவர்கள். மேற்கே பைசாந்தியம் எனப்படும் கிழக்கு ரோமப் பேரரசு, கிழக்கே சசானியப் பாரசீகம். லாசிக்காவுக்காக இரண்டும் 541 முதல் 562 வரை சண்டை போட்டன. 562இல் ஐம்பதாண்டு அமைதி என்று உடன்படிக்கை செய்து லாசிக்கா பைசாந்தியத்துக்கு என்று முடிவானது. ஆனால் சுவானெத்தி யாருக்கு என்பது மட்டும் முடிவாகவில்லை. பைசாந்தியத் தூதர் பேதுரு பாரசீக மன்னர் முதலாம் கோஸ்ரோவிடமே போய் வாதாடினார். சுவான் தலைவர்களை லாசிக்கா அரசர்களே நியமித்துவந்தார்கள் என்று ஒரு பட்டியலையும் நீட்டினார். கோஸ்ரோ அசையவில்லை. பைசாந்தியப் பேரரசர் ஜஸ்டினியனுக்குப் பின் 565இல் பட்டமேறிய இரண்டாம் ஜஸ்டினும் அதையே கேட்டு ஏமாந்தார்.

வயலும் துறைமுகமும் இல்லாத ஒரு மலைப்பள்ளத்துக்கு ஏன் இந்த இழுபறி? முதல் படியில் போட்ட கனமான கோட்டைத் திரும்பப் பாருங்கள். அந்தக் கோட்டில் உள்ள கணவாய்கள் வழியாக வடக்கே உள்ள குதிரைப்படைக் கூட்டங்களைத் தெற்கே இறக்கலாம். சுவானெத்தியைப் பிடித்தவர் கையில் அந்தக் கதவுகளின் சாவி இருக்கும், லாசிக்காவை மேலிருந்து குடையவும் முடியும். உலகின் இரண்டு பெரிய அரசவைகள் இந்த ஆற்றங்கரை ஊர்களைப் பற்றி வரி வரியாகப் பேசிக்கொண்டிருந்தன.

அதற்குப் பிறகு வேகமாகப் போகலாம். எட்டாம் நூற்றாண்டிலிருந்து அப்காசிய அரசு, 1008இல் மூன்றாம் பக்ராத் ஒன்றாக்கிய ஜார்ஜியா. சுவானெத்தி அதில் ஓர் எரிஸ்தாவியின், அதாவது மாகாணத் தலைவரின், கீழ் இருந்தது. 1184 முதல் 1213 வரை ஆண்ட அரசி தாமாரை இன்றும் சுவான்கள் தங்கள் வீட்டுப் பெண்ணைப் போலப் பாடுகிறார்கள். உஷ்குலிக்கு மேலே உள்ள கோட்டை இடிபாடு அவர் பெயரில் இருக்கிறது. அவர் கல்லறை சுவானெத்தியில்தான் என்று சொல்பவர்களும் உண்டு. பதின்மூன்றாம் நூற்றாண்டில் மங்கோலியர் ஜார்ஜியாவை மிதித்தபோது இந்தப் பள்ளத்தாக்குக்குள் அவர்கள் வரவில்லை.

படி 7: இப்போது கோபுரத்தைப் பாருங்கள்

ஜார்ஜிய மொழியில் கோஷ்கி, சுவான் மொழியில் முர்க்வாம். இன்று நிற்பவற்றில் பெரும்பாலானவை 9ஆம் நூற்றாண்டுக்கும் 13ஆம் நூற்றாண்டுக்கும் நடுவே எழுந்தவை. இருபது, இருபத்தைந்து மீட்டர் உயரம், மூன்று முதல் ஐந்து தளம். மேலே போகப் போகச் சுவர் மெலிவதால்தான் அந்த ஒல்லியான அழகு.

மெஸ்தியாவில் மார்கியானி குடும்பத்து வீடு அருங்காட்சியகமாக இருக்கிறது. அங்கே முதலில் கோபுரத்தில் ஏறாமல் பக்கத்திலிருக்கும் வீட்டுக்குள் போங்கள். அதன் பெயர் மாசுபி. ஒரே கூடம், நடுவே அடுப்பு. மனிதரும் மாடும் குளிர்காலம் முழுக்க ஒரே கூரையின் கீழ், நடுவே செதுக்கு வேலைப்பாடுள்ள மரத்தடுப்பு மட்டும். மாட்டின் சூடுதான் வீட்டுக்கு வெதுவெதுப்பு. மேல்தளத்தில் வைக்கோல், கருவிகள், கோடையில் ஆட்கள். மேல்தளத்திலிருந்து கோபுரத்துக்கு வழி. கோபுரத்தின் வாசல் தரையிலிருந்து உயரத்தில் இருக்கும். உள்ளே ஏணி வைத்து ஏறி, ஏணியை மேலே இழுத்துக்கொண்டு, துளையைப் பலகைக்கல்லால் மூடிவிட்டால் கீழே இருப்பவர் ஒன்றும் செய்ய முடியாது.

எதற்காகக் கட்டினார்கள் என்றால் ஒவ்வொருவரும் ஒன்று சொல்வார்கள். வெளிப்படை வந்தால் ஒளிந்துகொள்ள, குடும்பங்களுக்குள் பழிவாங்கும் பகை மூண்டால் தப்பிக்க, பனிச்சரிவு வந்தால் தாங்க. ஒரே காரணத்தில் அடைக்கத் தேவையில்லை என்று நினைக்கிறேன். ஆனால் கோபுரங்கள் வாசலான இடுக்கில் இல்லாமல் வீட்டுக்கு வீடு நிற்பதைப் பாருங்கள். நாடு மொத்தத்துக்கும் ஒரு கோட்டை கட்டிக்காக்கும் மன்னன் இல்லாத இடத்தில், ஒவ்வொரு குடும்பமும் தன் கோட்டையைத் தானே கட்டிக்கொண்டது. சாஜாஷியில் மட்டும் இப்படிப்பட்ட பழைய வீடுகள் 200க்கு மேல். அதற்காகத்தான் 1996இல் யுனெஸ்கோ மேல் சுவானெத்தியை உலக மரபுச் சின்னமாக்கியது.

படி 8: கோயில் சாவியைக் கேட்டு வாங்குங்கள்

எனக்கு மிகவும் பிடித்த படி இது. சுவானெத்திக் கோயில்கள் வெளியே பார்த்தால் கல் கொட்டகை மாதிரி இருக்கும், இருபது பேர் நின்றால் நிறைந்துவிடும். கடந்து போய்விடாதீர்கள், உள்ளேதான் புதையல். பூட்டியிருக்கும். சாவி ஊரில் ஒரு பெரியவர் வீட்டில் இருக்கும். உங்கள் கெஸ்ட் ஹவுஸ் அம்மாவிடம் கேட்டால் ஆள் அனுப்பிக் கூப்பிட்டுக் கொடுப்பார். பெண்கள் தலைக்குத் துணி, எல்லாருக்கும் முழங்காலை மூடும் உடை. அனுமதி கேட்காமல் படம் எடுக்க வேண்டாம். காணிக்கைப் பெட்டியில் கொஞ்சம் போடுங்கள்.

தெவ்தோரே என்ற ஓவியர் பெயரை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். ஜார்ஜிய அரசர் நான்காம் தாவீதின் காலத்தவர், தன்னை அரசரின் ஓவியர் என்றே கையெழுத்திட்டவர். இப்ராரியில் தலைமைத் தூதர்களின் கோயிலை 1096இலும், நாகிபாரியில் புனித கியோர்கி கோயிலை 1130இலும் வரைந்தார். அரசவை ஓவியர் இவ்வளவு தூரம் ஏறி வந்தார், ஆனால் இப்ராரிக் கல்வெட்டு கோயிலைக் கட்டியவர்களாகச் சொல்வது மன்னரை இல்லை. இந்தப் பள்ளத்தாக்கின் குடிப்பெருமக்களையும் அவர்கள் பிள்ளைகளையும், பெரியவர் சிறியவர் எல்லாரையும் சொல்கிறது.

அந்தக் கல்வெட்டுகளில் ஆண்டு கொரோனிகோன் என்ற கணக்கில் இருக்கும். 780ஐக் கூட்டினால் கிறிஸ்து ஆண்டு வரும், சக ஆண்டோடு நாம் 78 கூட்டுவது போல. இப்ராரியில் உள்ளது 316, கூட்டினால் 1096.

மெஸ்தியா அருங்காட்சியகத்தில் 897ஆம் ஆண்டின் ஆதிஷி நற்செய்தி ஏடு இருக்கிறது, தேதியிட்ட ஜார்ஜிய நற்செய்தி ஏடுகளில் மிகப் பழையது. அது சுவானெத்தியில் எழுதப்பட்டதில்லை. தென்மேற்கே, இன்று துருக்கியில் உள்ள கிளார்ஜெத்தியின் ஷத்பெர்தி மடத்தில் எழுதி, பின்னால் இங்கே கொண்டுவந்தது. ஆபத்துக் காலத்தில் கீழே உள்ளவர்கள் விலைமதிப்பற்றதை மேலே ஏற்றி அனுப்பினார்கள், மேலே உள்ளவர்கள் அதைப் பூட்டி வைத்துக் காத்தார்கள். குறுகலான வாசலின் இன்னொரு பலன் இது.

பழைய தெய்வங்களும் முழுக்கப் போய்விடவில்லை. உஷ்குலியின் லாமாரியா கோயில் மரியாளுக்கு உரியது, ஆனால் லாமாரியா என்ற பெயரில் அடுப்பையும் வீட்டையும் பெண்களையும் காக்கும் தெய்வத்தையே சுவான் வீடுகளில் வேண்டிக்கொண்டார்கள். பாறை உச்சியில் வாழும் பொன்முடித் தாலி வேட்டைத் தெய்வம், மலையாடுகளுக்குச் சொந்தக்காரி. அவளால் உயிரிழந்த வேட்டைக்காரன் பெத்கிலைப் பற்றிய பாட்டு இன்றும் வட்டமாக நின்று பாடப்படுகிறது. ஜூலை 28இல் காலாவின் லாகுர்கா கோயிலில் குவிரிகோபா திருவிழா. அந்த நாளில் போகக் கிடைத்தால் மற்றத் திட்டங்களைத் தள்ளிப்போடலாம்.

படி 9: நாட்களை இப்படி வகுத்துக்கொள்ளுங்கள்

ஜூன் நடுவிலிருந்து செப்டம்பர் கடைசி வரை நல்ல காலம். முதல் நாள் மெஸ்தியா அருங்காட்சியகமும் மார்கியானி வீடும். இரண்டாம் நாள் லத்தாலி, அங்கே மாட்ஸ்க்வாரிஷி கோயிலில் 1140ஆம் ஆண்டு ஓவியத்தில் முதலாம் தெமெத்ரே அரசர் முடிசூடும் காட்சி இருக்கிறது. மூன்றாம் நாள் இப்ராரியில் இறங்கிப் பார்த்துவிட்டு உஷ்குலி போய், அங்கேயே ஓர் இரவு தங்குங்கள். ஒரே நாளில் போய்த் திரும்பினால் சாலையைத்தான் பார்ப்பீர்கள். கீழ் சுவானெத்திக்கு இறங்க நினைப்பவர்கள் 2,623 மீட்டர் ஸகாரோ கணவாய் திறந்திருக்கிறதா என்று உஷ்குலியில் விசாரித்துக்கொள்ளுங்கள்.

நடக்க விரும்புகிறவர்களுக்கு மெஸ்தியாவிலிருந்து ஜாபேஷி, ஆதிஷி, இப்ராரி வழியாக உஷ்குலிக்கு நாலு நாள் பாதை உண்டு. ஆதிஷிக்கு மேலே ஆதிஷ்சாலா ஆற்றைக் கடக்க வேண்டும். பாலம் இருக்காது. விடியற்காலையில் கடந்துவிடுங்கள். பகல் ஏற ஏறப் பனியாறு உருகித் தண்ணீர் கூடும், மதியத்துக்கு மேல் இழுப்பு ஆபத்தாகிவிடும். ஊர்க்காரர்கள் குதிரையில் கடத்திவிடுவார்கள், அதற்குக் கொடுக்கும் பணம் வீண் இல்லை.

உஷ்குலியில் தங்கிய மறுநாள் காலை ஏழு மணிக்கெல்லாம் கிளம்பி, லாமாரியா கோயிலைத் தாண்டி எங்குரியோடு மேலே நடங்கள். பனியாறு வரை போகச் சுமார் எட்டு கிலோமீட்டர், பெரும்பாலும் சமதளம்தான். ஜ்வாரியில் அவ்வளவு பெரிய அணையை நிரப்பிய ஆறு இங்கே கலங்கிய சாம்பல் நிறத்தில், சில அடி அகலத்தில், ஷ்காராவின் பனிக்கு அடியிலிருந்து வந்துகொண்டிருக்கும். பனிச்சுவருக்கு மிக அருகில் போகாதீர்கள், கல் உருண்டு விழும். கம்பளி உடையும் மழைச்சட்டையும் பையில் இருக்கட்டும், பதினோரு மணிக்கு மேல் மேகம் இறங்கத் தொடங்கும்.